காமராசர் ஊருக்கு ஒரு நாள் வேன் பயணம்: குழாய்க் கதை மூன்று தடவை, தொகுதிக் கதை ஒரு தடவைகூட இல்லை

போன மாதம் ஒரு சனிக்கிழமை நானும் வீட்டுக்காரம்மாவும் மதுரையிலிருந்து விருதுநகர், சாத்தூர் போய்வரும் ஒரு நாள் சுற்றுலாவுக்குப் போனோம். தலைக்கு 1,450 ரூபாய். ஏசி வேன், காலை டிபன், மதியச் சாப்பாடு, ஆளுக்கு ஒரு தண்ணீர் பாட்டில், கூடவே ஒரு வழிகாட்டி. காலை ஆறரைக்குக் கிளம்பி மாலை ஏழுக்குள் கொண்டுவந்து விடுவதாகச் சொன்னார்கள். ஏழேகாலுக்கு விட்டார்கள். அதில் குறை சொல்ல எதுவும் இல்லை. நடத்துகிறவர்கள் புதிதாகத் தொழில் தொடங்கியிருக்கும் சின்னப் பையன்கள், அதனால் பெயர் போடவில்லை. எழுதுவதை அவர்களுக்கே அனுப்பியும் விட்டேன்.

நோட்டீஸில் 'பெருந்தலைவர் காமராசரின் வாழ்க்கையும் அரசியலும்' என்று பெரிய எழுத்தில் போட்டிருந்தார்கள். அந்த 'அரசியலும்' என்ற சொல்லைப் பார்த்துத்தான் நான் பணம் கட்டினேன். வருவாய்த் துறையில் 31 வருஷம் இருந்தவன் நான். அதில் பாதிக்கு மேல் தேர்தல் பிரிவு. வாக்காளர் பட்டியல், பூத் பிரிப்பது, எண்ணிக்கை முடிந்ததும் படிவம் 20 என்ற இறுதி முடிவுத் தாளில் கூட்டிக் கழித்துக் கையெழுத்து வாங்குவது, இதுதான் பிழைப்பு. அதனால் ஒரு தலைவர் எந்தத் தொகுதியில் நின்றார், எதிரே யார் நின்றது, எத்தனை ஓட்டில் ஜெயித்தார் என்பதில்தான் முதலில் கண் போகும். அது என் வியாதி என்று வீட்டில் சொல்வார்கள்.

வேன் நல்ல வேன். பன்னிரண்டு பேர் உட்காரலாம், பதினோரு பேர் இருந்தோம். இருக்கை துணியெல்லாம் சுத்தம். ஏசி முன்வரிசைக்கு ஊட்டி, பின்வரிசைக்குச் சித்திரை வெயில். நீங்கள் போவதாக இருந்தால் மூன்றாவது வரிசைக்கு முன்னால் கேட்டு வாங்குங்கள். டிரைவர் அண்ணன் அருமையான மனுஷர். கப்பலூர் தாண்டியதும் முதியவர்கள் யாருக்காவது வண்டி நிறுத்தணுமா என்று அவராகவே கேட்டார். இந்த வயதில் ஒரு சுற்றுலாவுக்கு மதிப்பெண் போடுவதில் பாதி அந்தக் கேள்விக்குத்தான்.

காலை டிபனைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். வழியில் ஒரு ஓட்டலில் பொங்கல். பொங்கலில் மிளகைத் தேடினோம், முந்திரியைத் தேடும் ஆசை அதற்குள் போய்விட்டது.

வழிகாட்டித் தம்பிக்கு இருபத்தைந்து வயதிருக்கும். கணீரென்ற குரல், நல்ல தமிழ், பயமில்லாமல் பேசுகிறார். மைக்தான் அவ்வப்போது கீச்சிட்டது. திருமங்கலம் வருவதற்குள் 1903 ஜூலை 15-இல் பிறந்தது, காமாட்சி என்று குலதெய்வத்தின் பெயர் வைத்தது, அம்மா சிவகாமி அம்மாள் ராஜா என்று கூப்பிட்டுக் கூப்பிட்டு அது காமராஜ் ஆனது, சின்ன வயதிலேயே அப்பா குமாரசாமி இறந்தது, ஆறாம் வகுப்போடு படிப்பை விட்டு மாமா துணிக்கடைக்குப் போனது, எல்லாம் சொல்லி முடித்தார். அப்புறம் குழாய்க் கதை. அம்மா இருந்த வீட்டுக்கு நகராட்சிக்காரர்கள் தனியாகக் குடிநீர்க் குழாய் போட்டுக் கொடுத்ததும், முதலமைச்சராக இருந்த மகன் அதைப் பிடுங்கச் சொன்னதும் தமிழ்நாட்டில் தெரியாதவர் இல்லை. நல்ல கதைதான். ஆனால் வேனில் ஒரு தடவை, வீட்டு வாசலில் ஒரு தடவை, மதியம் பரோட்டா கடையில் குழாயடியில் கை கழுவும்போது இன்னொரு தடவை சொன்னார். மூன்றாவது தடவை என் வீட்டுக்காரம்மா குழாயை மூடிவிட்டு, "தம்பி, இப்ப இதையும் பிடுங்கிரப் போறாங்க" என்றார். பையன் கோபித்துக்கொள்ளவில்லை, சிரித்துவிட்டார்.

விருதுநகர் வீடு இந்தப் பயணத்தின் நல்ல பகுதி. வேன் உள்ளே போகாது, கொஞ்ச தூரம் நடக்க வேண்டும். இரண்டு பக்கமும் ஒட்டி ஒட்டி வீடுகள், அதில் ஒன்றாகத்தான் இருக்கிறது. உள்ளே கட்டணம் இல்லை. சுவரெல்லாம் படங்கள். அவசரப்படுத்தாமல் முக்கால் மணி நேரம் விட்டார்கள், அதற்கு நன்றி. எங்களோடு வந்த ஒரு கோயம்புத்தூர் அம்மா நிலைப்படியில் கை வைத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அவர் பேரன் மாடிப்படியை எண்ணிக்கொண்டிருந்தான்.

அங்கேதான் என் முதல் ஏமாற்றமும். இந்த ஊர்ச் சத்திரிய வித்தியாசாலையில்தான் காமராசர் படித்தார். வீட்டுக்கு வீடு பிடி அரிசி வாங்கி, அதை விற்ற காசில் நடந்த பள்ளிக்கூடம் அது. அடுப்பில் உலை வைக்கும்போது ஒரு கைப்பிடியைத் தனியாக ஒரு கலயத்தில் போட்டுவைப்பார்கள், வாரத்துக்கு ஒரு தடவை வந்து வாங்கிப் போவார்கள் என்று என் அப்பா சொல்லிக் கேட்டிருக்கிறேன். ஊர் போட்ட அரிசியில் எழுத்துக் கற்ற பையன், பின்னால் 1956-இல் முதலமைச்சராக மதிய உணவுத் திட்டத்தைக் கொண்டுவந்தபோது அரசாங்கப் பணத்தோடு ஊராரின் நன்கொடையையும் சேர்த்துத்தான் நடத்தினார். பொதுக்கல்வி இயக்குநராக இருந்த நெ.து. சுந்தரவடிவேலு ஊர் ஊராகப் போய் அதற்கு ஆள் திரட்டினார். இந்தத் தெருவில் நின்றுகொண்டு இதைச் சொல்லாமல் வேறு எங்கே சொல்வது? தம்பியோ, "இந்தியாவிலேயே முதன்முதலா பள்ளியில சோறு போட்டவர்" என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். அது சரியும் இல்லை. 1920-களிலேயே சென்னை மாநகராட்சியில் தியாகராயர் காலத்தில் ஆயிரம் விளக்குப் பள்ளியில் சாப்பாடு போட்டிருக்கிறார்கள். காமராசர் செய்தது அதை மாநிலம் முழுக்கக் கொண்டுபோனது. அந்தப் பெருமையே போதும், இல்லாத 'முதல்' எதற்கு?

அப்புறம் தேசபந்து மைதானம். வேன் அதைக் கடந்தது. ஜன்னல் வழியாகக் காட்டி, காமராசர் பேசிய மைதானம் என்றார் தம்பி. பேசியிருக்கிறார், சரி. ஆனால் இதே ஊரில் 1956 ஜூலை 27-இல் சங்கரலிங்கனார் உண்ணாவிரதம் தொடங்கி, இந்த மைதானத்தில் கிடந்து, அக்டோபர் 13-இல் இறந்துபோனார். மாநிலத்துக்குத் தமிழ்நாடு என்று பெயர் வையுங்கள் என்பது அவர் கோரிக்கைகளில் முக்கியமானது. அப்போது முதலமைச்சர் இதே ஊர்க்காரர். பெயர் வைக்கவில்லை. 1967 ஜூலை 18-இல் அண்ணா கொண்டுவந்த தீர்மானம் சட்டமன்றத்தில் நிறைவேறி, 1969 ஜனவரி 14-இல்தான் நடைமுறைக்கு வந்தது. 'வாழ்க்கையும் அரசியலும்' என்று நோட்டீஸ் அடித்துவிட்டு இந்த மைதானத்தை நாற்பது கிலோமீட்டர் வேகத்தில் தாண்டக் கூடாது. காமராசரைச் சின்னவராக்கச் சொல்லவில்லை. எனக்கு அவரைப் பிடிக்கும். பிடித்த மனுஷரின் கணக்கில் வரவு மட்டும் எழுதினால் அந்தப் பேரேட்டை எந்தத் தணிக்கையும் ஒத்துக்கொள்ளாது.

சாப்பாட்டுக்கு வருவோம். மதியம் ஒரு பழைய பரோட்டா கடை. பெயர்ப் பலகை புகையில் மங்கிப் பாதிதான் தெரிகிறது. விருதுநகர் எண்ணெய் பரோட்டா சாப்பிடாதவர்களுக்காகச் சொல்கிறேன்: கல்லில் போட்டு எடுக்கும் பரோட்டா இல்லை இது. கல் நடுவில் குழிந்திருக்கும், குளம் மாதிரி எண்ணெய் நிற்கும். மாஸ்டர் உள்ளங்கையளவுப் பரோட்டாக்களை ஓரத்தில் அடுக்கி, ஒவ்வொன்றாக எண்ணெய்க்குள் தள்ளுகிறார். அது மிதந்து, உப்பி, விளிம்பு பொன்னிறமானதும் கரண்டியால் ஓரத்துக்கு இழுத்து எண்ணெய் வடிய விடுகிறார். வடிந்ததும் இரண்டு கையாலும் ஒரு தட்டு. இலையில் விழும்போது அப்பளம் மாதிரி சத்தம் வருகிறது. பிய்த்துப்போட்டுச் சால்னாவை ஊற்றி ஒரு நிமிடம்கூடப் பொறுக்கக் கூடாது. மேல்புறம் மொறுமொறுப்பாகவும் அடிப்புறம் ஊறியும் இருக்கிற அந்த இடைவெளி முப்பது விநாடிதான். நான் நான்கு சாப்பிட்டேன். டாக்டர் இதைப் படிக்க மாட்டார் என்று நம்புகிறேன். வீட்டுக்காரம்மா சனிக்கிழமை கவிச்சி தொடமாட்டார். அவருக்குத் தனியாக ஒரு சைவக் கடையில் சாப்பாடு ஏற்பாடு செய்து, டிரைவர் அண்ணனே கூடப் போய் உட்கார்த்திவிட்டு வந்தார். முன்கூட்டியே சொன்னால் செய்கிறார்கள்.

சாப்பிட்டு முடித்துத் திண்ணையில் உட்கார்ந்திருந்தபோது தம்பியிடம் மெதுவாகக் கேட்டேன். "தம்பி, காமராசர் முதலமைச்சர் ஆனப்போ எந்தத் தொகுதி எம்எல்ஏ?"

"விருதுநகர், ஐயா."

எந்தத் தொகுதியும் இல்லை. 1954 ஏப்ரல் 13-இல் பதவியேற்றபோது அவர் சட்டமன்ற உறுப்பினரே கிடையாது. ஸ்ரீவில்லிபுத்தூர் எம்பி. ஆறு மாதத்துக்குள் ஏதாவது ஒரு அவைக்குள் வந்தாக வேண்டும். அவருக்கு முன்னால் இருந்த ராஜாஜி 1952-இல் மேலவை வழியாக வந்தவர், தேர்தலில் நிற்கவில்லை. அந்த வழி காமராசருக்கும் திறந்துதான் இருந்தது. அவர் போகவில்லை. அப்போது காலியாக இருந்த குடியாத்தத்தில் இடைத்தேர்தலில் நின்றார். விருதுநகர் எங்கே, வட ஆர்க்காட்டுக் குடியாத்தம் எங்கே! எதிரே கம்யூனிஸ்ட் கட்சியின் கோதண்டராமன். காங்கிரசை எதிர்த்துவந்த பெரியாரும் திமுகவும் அந்தத் தேர்தலில் காமராசரை ஆதரித்தார்கள். பாதி நேரம் பள்ளி, மீதி நேரம் அப்பா தொழில் என்று ராஜாஜி கொண்டுவந்த குலக்கல்வித் திட்டத்தை அவர் கைவிட்டதுதான் பெரிய காரணம். இந்த ஒரு இடைத்தேர்தலை விளக்கினாலே அந்தக் காலத் தமிழக அரசியல் பாதி புரிந்துவிடும்.

இன்னும் கொஞ்சம் பின்னால் போனால், கட்சிக்குள் நடந்த போட்டி. 1954 மார்ச் கடைசியில் சட்டமன்றக் காங்கிரஸ் தலைவர் தேர்தலில் ராஜாஜி தரப்பில் நின்றவர் சி. சுப்பிரமணியம். காமராசருக்கு 93, அவருக்கு 41. ஜெயித்தவர் என்ன செய்தார்? தோற்ற சுப்பிரமணியத்தையே அமைச்சரவையில் சேர்த்தார், எதிரணியில் இருந்த பக்தவத்சலத்தையும் சேர்த்தார். மொத்தமே எட்டுப் பேர்தான் அமைச்சர்கள், தன்னையும் சேர்த்து. அந்த எட்டில் இரண்டு பேர் 1952-இல் காங்கிரசுக்கு வெளியே நின்று ஜெயித்த வன்னியர் கட்சித் தலைவர்கள்: காமன்வீல் கட்சியின் மாணிக்கவேலு நாயக்கர், உழைப்பாளர் கட்சியின் ராமசாமிப் படையாட்சி. 1952-இல் 375 இடத்தில் காங்கிரசுக்குக் கிடைத்தது வெறும் 152. அந்தக் கட்சிகளில் ஒன்றிடம் 19 பேரும் இன்னொன்றிடம் 6 பேரும் இருந்தார்கள். கூட்டிப் பாருங்கள், அமைச்சரவை ஏன் அப்படி அமைந்தது என்பது தெரியும். அறநிலையத் துறையைத் தலித் தலைவர் பரமேசுவரனிடம் கொடுத்தார். கோயிலுக்குள் விடமாட்டோம் என்றவர்கள் பூரணகும்பத்தோடு வாசலில் நிற்கவேண்டிய நிலை. இதையெல்லாம் சொல்லாமல் நான்கு வேட்டி, நான்கு சட்டை என்றே சொல்லிக்கொண்டிருந்தால் அவரை ஒரு சாமியார் ஆக்கிவிடுகிறோம். அவர் ஆள் எண்ணத் தெரிந்த மனுஷர். எண்ணிக்கொண்டே நேர்மையாகவும் இருந்தார் என்பதல்லவா ஆச்சரியம்!

தம்பி தன் கைபேசியில் குறித்துக்கொண்டார். "ஐயா, 93-ஆ 92-ஆ?" என்று திரும்பக் கேட்டார். அந்த இடத்தில் எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று.

சாத்தூருக்கு மூன்றரைக்குப் போனோம். நோட்டீஸில் சாத்தூர் என்று பார்த்ததும் நான் உள்ளுக்குள் குதித்திருந்தேன். 1937-இல் சென்னை மாகாண சட்டசபைக்கு அவர் போட்டியின்றிப் போனது சாத்தூரிலிருந்து. 1957-இலும் 1962-இலும் ஜெயித்ததும் சாத்தூரில்தான். முதலமைச்சராகத் தன் காலத்தின் பெரும்பகுதியும் அவர் சாத்தூர் எம்எல்ஏ. வேன் நின்றது ஒரு சேவுக் கடை வாசலில். இருபது நிமிடம் கொடுத்தார்கள். காராச்சேவு, பூண்டுச் சேவு, மிளகுச் சேவு என்று பதினோரு பேரும் பை நிறைய வாங்கினோம். வேன் கிளம்பியது. அவ்வளவுதான் சாத்தூர். சேவுக்கு இருபது நிமிடம், தொகுதிக்கு ஒரு நிமிடம்கூட இல்லை. காராச்சேவு என்னவோ சூடாக, மிளகும் பூண்டும் தூக்கலாக, நன்றாகவே இருந்தது. அரைக் கிலோ மதுரை வருவதற்குள் கால் கிலோ ஆகிவிட்டது.

திரும்பும் வழியில் தம்பி 1963 அக்டோபர் 2-இல் முதல்வர் பதவியைத் 'தூக்கி எறிந்த' கதையைச் சொன்னார். கைதட்டல் கிடைத்தது. 1957-இல் பதினைந்து பேரோடு வந்த திமுக 1962-இல் ஐம்பது ஆகியிருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்லியிருந்தால், கட்சி வேலைக்குப் போகிறேன் என்று ஏன் கிளம்பினார் என்பது விளங்கியிருக்கும். மொரார்ஜி, சாஸ்திரி, ஜெகஜீவன்ராம் உட்பட ஆறு மத்திய அமைச்சர்களும், பதவியை விட்டுக் கட்சி வேலைக்குப் போவது என்ற அதே காமராசர் திட்டத்தில் வெளியே வந்தார்கள். அடுத்த மூன்று வருஷத்துக்குள் சாஸ்திரி, இந்திரா என்று இரண்டு பிரதமர்களை உட்கார வைப்பதில் முன்னால் நின்றவர் நம்ம ஊர்க்காரர். இதற்கு ஐந்து நிமிடம். போதும்.

1967-இல் விருதுநகர் தொகுதியில் காமராசர் தோற்றதைப் பற்றித் தம்பி சொன்னது: "நன்றி கெட்ட மக்கள் தோற்கடிச்சாங்க."

இங்கே நான் வாயைத் திறந்துவிட்டேன். என் அப்பா அப்போது விருதுநகரில் ஒரு மல்லி, வத்தல் குடோனில் கணக்கப்பிள்ளை. நன்றி கெட்டவர் இல்லை. காமராசர் போட்ட பள்ளிக்கூடத்தில்தான் பிள்ளைகளைச் சேர்த்தார். ஆனால் அந்த வருஷம் அரிசிக்கு நின்று நின்று கால் வீங்கிப்போனது அவருக்கு. ரூபாய்க்கு மூன்று படி என்று எதிர்த்தரப்பு சொன்னது காதில் விழாமல் இருக்குமா? இரண்டு வருஷம் முன்னால் இந்தி எதிர்ப்பில் துப்பாக்கிச் சூடு வேறு. எதிரே நின்றது சீனிவாசன் என்ற மாணவர் தலைவர். வித்தியாசம் 1,285 ஓட்டு. இன்றைய கணக்கில் அது கிட்டத்தட்ட ஒரே ஒரு பெரிய பூத். எங்கள் அப்பா தான் யாருக்குப் போட்டார் என்பதை 1975-இல் காமராசர் இறந்த அன்று ராத்திரிதான் அம்மாவிடம் சொன்னாராம். அதுவும் அக்டோபர் 2. "அந்த ஆயிரத்து இருநூத்தி எம்பத்தஞ்சுல நானும் ஒண்ணு" என்றாராம். அம்மா பதில் சொல்லவில்லை, தோசைக்கல்லை எடுத்து வைத்தாராம்.

வேனில் கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. பிறகு அந்தக் கோயம்புத்தூர் அம்மா, அதற்கப்புறம் அவர் ஜெயிக்கவே இல்லையா என்று கேட்டார். ஜெயித்தார் அம்மா, 1969-இல் நாகர்கோவில் நாடாளுமன்ற இடைத்தேர்தலில் ஒரு லட்சத்துக்கும் மேல் வித்தியாசத்தில் என்றேன். தம்பி மைக்கை என் கையில் கொடுத்துவிட்டார். அது கீச்சிட்டது, திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

மதிப்பெண் கேட்டால்: வண்டிக்கும் டிரைவருக்கும் ஐந்துக்கு ஐந்து. பரோட்டாவுக்கு ஐந்து. பொங்கலுக்கு ஒன்று. வழிகாட்டிக்கு இப்போதைக்கு இரண்டரை, குரலுக்கும் கேட்டுக்கொள்கிற குணத்துக்கும் சேர்த்து. 1,450 ரூபாய் கொஞ்சம் அதிகம், 1,200 என்றால் தாராளமாகப் போகலாம். நடத்துகிறவர்களுக்கு என் யோசனை ஒன்றுதான்: தேசபந்து மைதானத்தில் பத்து நிமிடம் இறக்கிவிடுங்கள். சாத்தூர் சேவுக் கடை வரிசையில் நிற்கும்போதே தொகுதிக் கதையைச் சொல்லிவிடலாம், நேரமும் மிச்சம்.

போன வாரம் தம்பி போன் செய்தார். "ஐயா, குடியாத்தத்துல எதிர்த்து நின்னவரு பேரு கோதண்டராமன்தானே? நாளைக்கு ஒரு குரூப் வருது." ஆமாம் என்றேன். பொங்கலில் மிளகு போடச் சொல்லுங்கள் என்றும் சொன்னேன்.